எங்கள் மகன் எடுக்காமல் போன படம்

எங்கள் மூத்த மகன் கர்த்தருக்குள் இளைப்பாறப் போய் ஓராண்டு நிறைகிறது. அவனை அறிந்த உங்கள் எல்லோருக்கும் இதை எழுதுகிறேன்.

பாளையங்கோட்டையில் பிறந்தான். என்னைப் போலப் பள்ளி ஆசிரியனாவான் என்றிருந்தோம். அவனோ நிழற்படம் பிடிக்கப் பழகி, பம்பாய் சென்று சலனப்படக் கருவியோடு திரும்பினான். கதை எதுவும் எடுக்கமாட்டான். நடந்ததை மட்டுமே எடுப்பான். தாமிரபரணி வெள்ளத்தை வண்ணார்பேட்டைக் கொட்டகையில் காட்டியபோது, முன்னால் இருந்த பெரியவர் காலைத் தூக்கிக்கொண்டார். "வேட்டி நனைஞ்சிருமோவே அண்ணாச்சி?" என்று பக்கத்திலிருந்தவர் கேட்க, கொட்டகையே சிரித்தது. அவன் ஆசிரியனாகவில்லையே என்று மனத்தாங்கலாயிருந்த அவன் தாய் அன்றுதான் சமாதானமானாள்.

பிறகு முக்கூடல் பக்கம் வாய்க்கால் தண்ணீர்த் தகராறில் ஒருவர் வெட்டுண்டு இறந்தார். அந்த வாய்க்காலையும், பிடிபட்ட இளைஞனின் வீட்டையும் மகன் படமெடுத்தான். படம் பேசாதாகையால், திரையருகே நின்று அவனே விளக்கம் சொல்வான்.

அந்த இளைஞனின் தகப்பனார் எங்கள் வீட்டுக்கு வந்தார். "வாத்தியாரையா, வழக்கே இன்னும் முடியல. அதுக்குள்ள ஊரெல்லாம் எம் மவனக் கொலைகாரன்னு சொல்லுது. நீங்க சொன்னா உங்க புள்ள கேப்பாம்லா?"

மகனிடம் சொன்னேன். "யார் வெட்டுனான்னு நான் சொல்லலியே அப்பா. இருக்கதத்தான் காட்டுதேன்" என்றான். ஆனாலும் அன்று மாலை திரையருகே வாய் திறக்காமல் நின்றான். வீடு தெரிந்ததும் கூட்டமே அந்த இளைஞனின் பெயரைச் சொல்லிக் கத்தியது. "ஏலே, கொலைகாரப்பய வீட்டப் பாருலே."

மகன் படத்தை நிறுத்திவிட்டு வந்தான். "தீர்ப்பு வரட்டும் அப்பா. அவன் வெளிய வந்தா அதையும் எடுத்து இதோட சேத்துருதேன்."

தீர்ப்புக்கு முன்பே வாந்திபேதி அவனைக் கொண்டுபோயிற்று. நாங்கள் பக்கத்திலேயே இருந்தோம். ஒன்றும் செய்ய முடியவில்லை.

இரவு பகல் பாராமல் வந்த மருத்துவருக்கும், ஜெபித்த சபையாருக்கும், கஞ்சி கொண்டுவந்த அண்டை வீட்டாருக்கும் எங்கள் நன்றி. நோய்க்குப் பயந்து பலர் ஒதுங்கியபோது சவப்பெட்டிக்குத் தோள் கொடுத்தவர் அந்த முக்கூடல் தகப்பனார். அவருக்கு எப்படி நன்றி சொல்வதென்று தெரியவில்லை.

அவருடைய மகன் குற்றமற்றவன் என்று விடுதலையானான். போன மாதம் அவர் மறுபடியும் வந்தார். "கூலி வேலைக்குக்கூட அவனக் கூப்பிட மாட்டேங்காவ ஐயா. உங்க புள்ள இருந்தா, இவன் வீட்டுக்குத் திரும்பி வாரதையும் காட்டியிருப்பாம்லா?"

கருவி எங்கள் வீட்டில்தான் இருக்கிறது. எனக்கு அதைத் திறக்கக்கூடத் தெரியாது.

அந்த வீட்டைத் திரையில் காட்டிய அன்று கொட்டகையில் இருந்தவர்கள் உங்களிலும் உண்டு. அந்தப் பையன் வெட்டவில்லை என்று கோர்ட்டிலேயே சொல்லிவிட்டார்கள். பார்க்கிறவர்களிடம் இதைச் சொல்லுங்கள். எங்கள் மகனுக்காக உங்களிடம் கேட்க எங்களுக்கு வேறொன்றும் இல்லை.