புளியங்கட்டை இருந்த இடம்

கோவளத்தில் மீன் வெட்டித் தரும் பெண்கள் சாயங்காலம் வீட்டுக்குப் போகும்போது கத்தியை மட்டும்தான் எடுத்துப் போவார்கள். மீனை வைத்து வெட்டும் புளியங்கட்டை அவர்கள் உட்காரும் இடத்திலேயே கிடக்கும். கட்டை கிடந்தால் ஆள் வருவாள் என்று அர்த்தம். சாவுக்குப் போனாலும் பிள்ளை பெறப் போனாலும் அங்கே இன்னொருத்தி உட்கார மாட்டாள்.

ரெஜினாவின் கட்டை நடுவில் பள்ளம் விழுந்துவிட்டது. கத்தி அடிவரை இறங்காமல், துண்டுகள் தோலோடு தோல் ஒட்டிக்கொண்டு வந்தன. புருஷன் ஏசுபாதம் தச்சு வேலைக்காரன். இழைத்து வாங்கிக்கொண்டு மறுநாளே வந்துவிடலாம் என்று ஆட்டோவில் ஏற்றிப் போனாள். அன்று ராத்திரி வந்த காய்ச்சல் அவளைச் செங்கல்பட்டு பெரியாஸ்பத்திரியில் கொண்டுபோய்ப் போட்டது.

தேறி, இழைத்த கட்டையோடு வந்து இறங்கினால், வேப்பமர நிழலில் அவள் இடத்தில் ஜெசிந்தா. இதுவரை வரிசைக் கடைசியில், வெயிலில் உட்கார்ந்திருந்தவள்.

"வந்துட்டா பாரு மகராணி, சிம்மாசனத்த தூக்கினு," என்றாள் இறால் விற்கும் ஞானம்பாள்.

ஜெசிந்தா செதில் சீவுவதை நிறுத்தவில்லை. "கட்ட இல்லக்கா. வூட்டாண்ட வந்து பார்த்தேன், பூட்டிகினு கீது. இனிமே நீ வர மாட்டேன்னு நெனச்சிகினேன்."

ரெஜினாவுக்கு வாய்ச்சண்டை வராது. கேட்கவும் நியாயமில்லை. ஒரு செங்கல்லையாவது அந்த இடத்தில் வைத்துவிட்டுப் போயிருக்கலாம். வரிசைக் கடைசிக்குப் போய், வெயிலில் கட்டையை இறக்கினாள். அங்கே எவர் வருவார்? மீன் வாங்கியவர்கள் முதல் நிழலிலேயே நின்றுவிடுவார்கள்.

நாவலூர் அடுக்குமாடியிலிருந்து வாராவாரம் வரும் சார் வஞ்சிரத்தோடு வந்தார். ரெஜினா கத்தியை எடுத்துத் துடைத்துக்கொண்டாள். அவர் வழக்கம்போல வேப்பமரத்தடிக்குப் போய், ஆள் முகத்தைக்கூடப் பார்க்காமல் பையை நீட்டிவிட்டு போனில் பேச நகர்ந்தார். இத்தனை வருஷமாக அவர் நீட்டியது தனக்கில்லை, அந்த நிழலுக்குத்தான் என்று ரெஜினாவுக்கு அப்போது பட்டது.

ஜெசிந்தா பையைப் பிரித்துப் பார்த்தாள். எழுந்து வரிசை நெடுக நடந்து வந்து, பையை ரெஜினாவின் கட்டைமேல் வைத்தாள்.

"உன் கிராக்கிக்கா. கையில கீற மீன முடிச்சிட்டு எந்திரிச்சிடறேன்."

ரெஜினா அவள் கையைப் பார்த்தாள். விரலெல்லாம் மீன்முள் குத்திய புண். வெட்டுவதற்கு அவளிடம் நல்ல கட்டைகூட இல்லை, ஏதோ பெட்டியைப் பிரித்து எடுத்த பலகை.

"எந்திரிக்காத. தள்ளி குந்து."

ரெஜினா கட்டையைத் தூக்கிக்கொண்டு வேப்பமரத்தடிக்கு நடந்தாள். நிழல் இரண்டு பேருக்குப் பற்றவில்லை. முழங்கால் இடிக்க உட்கார்ந்து வெட்டினார்கள். ஒருத்தி செதில் இன்னொருத்தி புடவையில் தெறித்தது. ஞானம்பாள் அதற்கும் ஏதோ கிண்டல் செய்துகொண்டிருந்தாள்.

சாயங்காலம் கிளம்பும்போது ஜெசிந்தா தன் பலகையைத் தூக்கப் போனாள்.

"வெச்சிட்டுப் போ," என்றாள் ரெஜினா.