பல்லக்காவின் வடக்கு ஜன்னல்

தெருவில் அவளுக்குப் பல்லக்கா என்றுதான் பெயர். பல் டாக்டர்கள் அச்செடுத்து அனுப்புவார்கள், அதை வைத்துப் பொய்ப்பல் செய்து கொடுப்பாள். முப்பது வருஷமாக அதே வேலை, அதே மேசை. மேசைக்கு எதிரே வடக்குப் பார்த்த ஜன்னல். பல் என்றால் வெள்ளை என்று சொல்பவர்களைக் கண்டால் அவளுக்குச் சிரிப்பு வரும். "வெள்ளையில பதினாறு இருக்கு. டியூப்லைட்டுல பார்த்தா பதினாறும் ஒண்ணுதான்" என்பாள். வெயில் நேராக விழாத அந்த வெளிச்சத்தில்தான் நிறம் பார்ப்பாள்.

அப்பா போனபின் வீடு இரண்டானது. முன்பாதி அவளுக்கு. பின்பாதியும் ஜன்னலை ஒட்டிய காலி இடமும் தம்பிக்கு. ஜன்னலை அடைக்கக்கூடாது என்று பாகப்பத்திரத்திலேயே ஒரு வரி இருந்தது. தம்பி குழாய் சாமான் வியாபாரி. கிடங்கு கட்டுவதற்காக அங்கே அஸ்திவாரம் தோண்டினான்.

"மூணடி தள்ளிக் கட்டேன்டா" என்று கேட்டுப் பார்த்தாள்.

"லைட்டைப் போட்டுக்கக்கா. இந்தக் காலத்துல எவன் ஜன்னலை நம்பிப் பொழைக்கிறான்?"

வேறு வழியில்லாமல் கோர்ட்டுக்குப் போனாள். வழக்கு முடியும்வரை அந்த இடத்தில் எதுவும் கட்டக்கூடாது என்று தடை உத்தரவு வந்தது. கோர்ட்டு ஆள் கொண்டுவந்து கொடுத்ததைத் தம்பி மனைவி கையெழுத்துப் போட்டு வாங்கினாள். பல்லக்காவுக்கு அன்றைக்குத்தான் மூச்சு சீராக வந்தது.

கோர்ட்டு நீண்ட விடுமுறைக்கு மூடிய வெள்ளிக்கிழமை, சாயங்காலமே செங்கல் லாரி வந்து நின்றது. உத்தரவு நகலை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கு ஓடினாள். "இது சிவில் விவகாரம்மா. கோர்ட்டு எங்களுக்கு எழுதட்டும், வந்து நிக்கிறோம்" என்றார் அங்கிருந்தவர். எழுதவேண்டிய கோர்ட்டோ பூட்டிக் கிடந்தது. மூன்று நாள், கைக்கெட்டும் தூரத்தில் வரிசை வரிசையாகச் செங்கல் ஏறுவதை மேசையில் உட்கார்ந்தபடியே பார்த்தாள். கொத்தனார் நிமிரவே இல்லை. திங்கள் மதியம் கடைசி வெளிச்சக் கீற்றும் அடைபட்டுப்போனது.

கோர்ட்டு திறந்ததும் வக்கீலம்மா விவரம் சொன்னார். "உத்தரவை மீறினதுக்கு அவரை சிவில் சிறையில வைக்கச் சொல்லலாம், சொத்தை முடக்கச் சொல்லலாம். சுவரை இடிச்சுப் பழையபடி ஆக்கச் சொல்லி இன்னொரு மனு போடலாம்."

"சிறையெல்லாம் வேண்டாங்க. சுவர் போனா போதும். அவன் என் இடுப்புல வளர்ந்தவன்."

"சிறைன்னு ஒண்ணு தலைக்கு மேல தொங்கினாத்தான்மா இடிக்கிற நினைப்பே வரும். சும்மா ஒரு பயத்துக்குத்தான்."

அரை மனதாகக் கையெழுத்துப் போட்டாள்.

உத்தரவு தன் கைக்கே வரவில்லை, சுவர் முன்பே இருந்தது என்றான் தம்பி. கோர்ட்டு அனுப்பிய வக்கீல் கமிஷனர் இடத்தை வந்து பார்த்து, புதுச் சுவர்தான் என்று எழுதிக் கொடுத்தார். தம்பி மனைவியின் கையெழுத்தும் கோப்பில் இருந்தது. அப்படியும் ஏழு மாதம் வாய்தா மேல் வாய்தா. இதற்குள் அவள் செய்த முன்பற்கள் இரண்டு முறை திரும்பி வந்தன, பக்கத்துப் பல்லோடு நிறம் ஒட்டவில்லை என்று. மூன்று டாக்டர்கள் சொல்லாமல் கொள்ளாமல் வேறு ஆளிடம் போய்விட்டார்கள்.

கடைசியில் நீதிபதி சொன்னார்: தெரிந்தே மீறியிருக்கிறார், இரண்டு வாரம் சிவில் சிறை. சுவரை இப்போதே இடிக்கச் சொன்னால் மூல வழக்குக்கு முன்கூட்டியே தீர்ப்புச் சொன்னதாகிவிடும், அதனால் அது அந்த வழக்கு முடியும்போது பார்க்கப்படும்.

வராந்தாவில் வக்கீலம்மாவை நிறுத்திக் கேட்டாள். "வேண்டாம்னதைக் கொடுத்துட்டு, கேட்டதைக் கொடுக்கலையே. நான் மன்னிச்சுட்டேன்னு எழுதிக் கொடுத்தா விட்டுடுவாங்களா?"

"இப்ப இது உங்களுக்கும் அவருக்கும் நடுவுல இல்லம்மா. கோர்ட்டுக்கும் அவருக்கும்" என்றார் வக்கீலம்மா. சுவருக்கு அப்பீல் போகலாம் என்றும் சொன்னார்.

சிறையில் பார்க்கப் போனாள். வெளியே வந்து முகம் காட்ட மாட்டேன் என்று சொல்லி அனுப்பிவிட்டான். பதினாலு நாள் கழித்துத் திரும்பியவன் முதல் வேலையாகச் சுவருக்குப் பூச்சு வைத்தான். வாசலில் எதிர்ப்பட்டபோது அவனே நின்றான்.

"நீ வாய் திறந்து ஒரு வார்த்தை கேட்டிருந்தா நானே தள்ளிக் கட்டியிருப்பேன். உள்ள தள்ளிட்டல்ல? இனி என் உசுரு இருக்கிறவரைக்கும் அது இறங்காது."

மூணடி தள்ளிக் கட்டச் சொல்லிக் கேட்டவள்தான் அவள். செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள்.

மூல வழக்கில் நீதிபதி மாறிவிட்டார். வந்தவர் முதல் தாளிலிருந்து படிக்கிறார். சுவருக்காக அவள் போட்ட அப்பீலுக்கு மேல்கோர்ட்டில் இன்னும் நம்பர்கூடப் போடவில்லை. பல்லக்கா காலையில் பல் அடுக்கிய தட்டை எடுத்துக்கொண்டு தெருவுக்கு வந்து, போகிற வருகிற வண்டிப் புழுதிக்கு நடுவே நிறம் பார்த்துவிட்டு உள்ளே போகிறாள். போன வாரம், மிச்சமிருந்த இரண்டு டாக்டர்களில் ஒருவர் போன் செய்தார். இனி முன்பல் வேண்டாம், கடவாய்ப்பல் மட்டும் செய்து கொடுங்கள், அங்கே யாரும் நிறம் பார்க்கப் போவதில்லை என்றார்.

"சரிங்க டாக்டர்" என்றாள்.