கட்டைப்பையில் ஒரு வீடு

வரலாற்றை எப்படிச் சொல்லிக்கொடுத்தால் பிள்ளைகள் மண்டையில் ஏறும் என்று ஆண்டுதோறும் எங்களுக்கு ஒரு பயிற்சி நடக்கும். ஏசி அறை, டீ, இரண்டு பிஸ்கட். மைக் பிடிப்பவர் வகுப்பறைக்குள் காலெடுத்து வைத்து எத்தனை காலமாயிற்றோ தெரியாது. நாடகம் போடுங்கள், பாட்டுப் பாடுங்கள், படம் காட்டுங்கள் என்பார். எல்லாம் செய்து பார்த்தவன்தான் நான். அட்டைக் கிரீடம் வைத்து ஒரு தடவை நாடகம் போட்டேன். யார் அரசன் என்பதற்கே அடிதடி. போரில் சாகவேண்டியவன் சாகமாட்டேன் என்று அடம்பிடித்ததில் பாடவேளை முடிந்துவிட்டது. படம் போட்டால் தூங்குகிறார்கள். ஆண்டுகளை மனப்பாடம் செய்யச் சொன்னால் பரீட்சை முடிந்த கையோடு மறந்துவிடுகிறார்கள். நானே பாதியை மறந்தவன், அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது.

எனக்குக் கைகொடுத்த முறை ஒன்றே ஒன்றுதான். அதிலும் பாதிக்கு மேல் என் மனைவியுடையது.

குமணன்சாவடிக்குப் பக்கத்தில் ஒரு பள்ளியில் ஒன்பதாம் வகுப்புக்கு எடுக்கிறேன். பல வருடங்களுக்கு முன்னால் பழங்காலப் பானை ஓடுகளைப் பற்றிய பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது, கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்து, அவங்க என்ன சாப்பிட்டாங்கன்னு நீங்க பாத்தீங்களா சார் என்று கேட்டான். வகுப்பே சிரித்தது. எனக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. அதுதானே வரலாற்றின் முதல் கேள்வி. ஆனால் அதற்கு அவன் நம்பும்படி ஒரு பதில் சொல்ல எனக்குத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். அவள் துணி மடித்துக்கொண்டே, நம்ம வீட்டுச் சாமானையே நாலு எடுத்துக்கொண்டு போய்க் காட்டுங்கள், இந்த வீட்டில் யார் யார் இருக்கிறார்கள் என்று அவர்களே கண்டுபிடிக்கட்டும் என்றாள்.

அப்படித்தான் அது தொடங்கியது. ஜவுளிக்கடைக் கட்டைப்பை ஒன்றில் அவளே பொருட்களைப் போட்டுக் கட்டித் தருவாள். நான் பிரித்துப் பார்க்கக் கூடாது. இன்னொரு விதியும் அவள் வைத்ததுதான்: பைக்குள் ஒரே ஒரு பொருள் மட்டும் அந்த வீட்டுக்குச் சம்பந்தமில்லாததாக இருக்கும், அது எது என்று பிள்ளைகள் காரணத்தோடு சொல்லவேண்டும். கிடைத்ததையெல்லாம் நம்பிவிடாமல் இருக்கப் பழக்குவதற்கு இதைவிட நல்ல பாடம் எந்தப் புத்தகத்திலும் இல்லை. எதிர்வீட்டுக் குழந்தையின் ஒற்றைச் சாக்ஸ், யாரோ விட்டுப்போன பீடிக்கட்டு என்று எதையாவது கொண்டுவந்து நுழைத்துவிடுவாள். யாருடைய வீடு என்று பிள்ளைகளிடம் சொல்லமாட்டேன். சாயங்காலம் நான் திரும்பும்போது அவள் வாசலிலேயே நிற்பாள். என்ன சொன்னாங்க என்பதுதான் முதல் கேள்வி. காபி ஆறிப்போகும் வரை சிரிப்போம்.

மகளுக்குக் கல்யாணமாகிப் புனேவுக்குப் போனாள். குழந்தை பிறந்தது. ஒரு மாதம் இருந்துவிட்டு வருகிறேன் என்று மனைவி போனாள். பிறகு குழந்தைக்குச் சளி. பிறகு ஆயா சரியில்லை. பிறகு மகளுக்கு வேலையில் பதவி உயர்வு. இப்போது அந்தக் குழந்தை பையை மாட்டிக்கொண்டு பிளே ஸ்கூலுக்குப் போகிறது. எங்களுக்குள் சண்டை ஒன்றும் இல்லை. தினமும் போனில் பேசுகிறோம், சாப்பிட்டீங்களா, மாத்திரை போட்டீங்களா என்பதோடு முடிந்துவிடும். மேடம் எப்ப சார் வராங்க என்று ஆசிரியர் அறையில் கேட்பார்கள். அடுத்த மாசம் என்பேன். அடுத்த மாசம், அடுத்த மாசம் என்று நான் சொல்லிச் சொல்லி, அவர்களே கேட்பதை விட்டுவிட்டார்கள். அவள் திரும்பி வருவாளா என்று நான் அவளிடம் மட்டும் கேட்டதில்லை. கேட்டால் பதில் வந்துவிடுமே என்று பயம். வந்துவிடு என்று நானும் சொல்லவில்லை, நீங்களும் இங்கே வாருங்கள் என்று அவளும் கூப்பிடவில்லை.

அவள் போன பிறகு இரண்டு வருடம் அந்தப் பாடத்தைப் புத்தகத்திலிருந்தே படித்துக் காட்டி ஒப்பேற்றினேன். இந்த வருடம் என்னவோ ரோஷம் வந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அயனம்பாக்கம் ஏரிக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஃப்ளாட்டில், அதே கட்டைப்பையைத் தேடி எடுத்தேன். கால் லிட்டர் பால் பாக்கெட்டின் வெற்றுக் கவர். பிரஷர் மாத்திரை அட்டை. ஒரு டம்ளர். ஓட்டல் பார்சலில் வந்து சேர்ந்த ரப்பர் பேண்டுகள் ஒரு கை நிறைய. என் சாவிக்கொத்து. அவ்வளவையும் மேசைமேல் பரப்பிப் பார்த்தபோது எனக்கே வெட்கமாக இருந்தது. இதில் கண்டுபிடிக்க என்ன இருக்கிறது? கண்ணாடிக்கு முன்னால் அவள் விட்டுப்போன ஸ்டிக்கர் பொட்டு அட்டையை எடுத்து அதோடு சேர்த்தேன். இப்போது பார்க்க ஒரு குடும்பம் நடக்கும் வீடுமாதிரி இருந்தது. சம்பந்தமில்லாத பொருளாக, பால்கனியில் என்றைக்கோ வந்து விழுந்து கிடந்த ரப்பர் பந்தைப் போட்டேன். முன்பெல்லாம் பையன்கள் மணியடித்து அவளிடம் பந்தைக் கேட்டு வாங்கிப்போவார்கள். இந்தப் பந்தைக் கேட்டு யாரும் வரவில்லை.

மறுநாள் திருவேற்காடு போய், அங்கிருந்து ஷேர் ஆட்டோவில் பையை மடியில் வைத்துக்கொண்டு போனேன். வகுப்பில் நாலு நாலு பேராக உட்கார வைத்து, பொருட்களைச் சுற்றுக்கு விட்டேன். இது யாரோ ஒருவர் வீடு, உள்ளே போய்ப் பார்க்க முடியாது, இவைதான் கிடைத்தன, யார் இருக்கிறார்கள், எது இந்த வீட்டுப் பொருள் இல்லை என்று கேட்டேன். சந்தைக்கடை மாதிரி இரைச்சல். அந்த இரைச்சலை நான் இரண்டு வருடமாக இழந்திருந்தேன்.

முதலில் பந்தைப் பிடிப்பார்கள் என்று நினைத்திருந்தேன். பந்தை யாரும் சட்டை செய்யவே இல்லை. அது தெருவிலே ஆடுகிற பையன்கள் அடித்து வீட்டுக்குள் விழுந்திருக்கும், எல்லா வீட்டிலும் அப்படி ஒன்று கிடக்கும் என்று தள்ளிவிட்டார்கள். முன் பெஞ்சில் ஒரு பெண், அயனம்பாக்கத்தின் பழைய குடும்பம் ஒன்றைச் சேர்ந்தவள், பொட்டு அட்டையை வெளிச்சத்தில் சாய்த்துச் சாய்த்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு ஒரு பொட்டை உரித்துத் தன் புறங்கையில் ஒட்டினாள். ஒட்டவில்லை. இன்னொன்றை உரித்தாள். அதுவும் கீழே விழுந்தது.

"இதான் சார் இந்த ஊட்டு சாமான் இல்ல," என்றாள். "பசை காஞ்சி பூட்ச்சு. தெனம் பொட்டு வெக்கிறவங்க இருந்தா இப்டி வுட்டு வெப்பாங்களா? இந்த ஊட்ல ஒருத்தர் தான் சார் கீறாரு."

நல்லவேளையாக அவளை மறுக்க ஒருவன் எழுந்தான். ஆவடி குவார்ட்டர்ஸில் இருப்பவன், அப்பா தொழிற்சாலை ஊழியர், தென்காசிப் பக்கத்துக்காரர்கள். அந்த வீட்டு அம்மா ஊருக்குப் போயிருப்பார்கள் என்றான். தன் அம்மாவும் ஆச்சிக்கு உடம்பு முடியவில்லை என்று போய்விடுவார்கள், அப்போது தன் வீட்டிலும் சின்னப் பால் பாக்கெட்டும் ஓட்டல் பார்சலும்தான், அம்மா திரும்பி வந்ததும் எல்லாம் சரியாகிவிடும் என்று வாதாடினான். சபாஷ் என்று அவன் தோளைத் தட்டவேண்டும் போல இருந்தது. அவன் ஜெயிக்கவேண்டும் என்று நான் மனதுக்குள் வேண்டிக்கொண்டதை இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது.

பேசிக்கொண்டே அவன் சாவிக்கொத்தை எடுத்தான். ஒவ்வொரு சாவியாகத் தள்ளிப் பார்த்தவன், இரண்டை மட்டும் ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் பிடித்தான். பல்லுக்குப் பல் சரியாகப் பொருந்தியது.

"ரெண்டும் ஒரே சாவி சார்," என்றான். குரல் இறங்கிவிட்டது. "ஊருக்குப் போனா எங்கம்மா அவங்க சாவிய எடுத்துட்டுத்தான் போவாங்க. திரும்பி வந்து தொறக்கணும்லா."

அந்தச் சாவிக்கொத்து தினமும் என் கையில் புரள்கிறது. ஒரே பூட்டுக்கு இரண்டு சாவி தொங்குவதை, அதில் ஒன்று அவள் விட்டுப்போனது என்பதை, நான் யோசித்ததே இல்லை. இருபது வருடத்துக்கு மேலாகச் சான்றுகளைப் பார், சான்றுகளைப் பார் என்று கத்திக்கொண்டிருப்பவனின் லட்சணம் இது.

குழுவினர் முடிவுகளைச் சார்ட்டில் எழுதினார்கள். கடைசியில், சரியான விடை என்று போட்டு முன் பெஞ்சுப் பெண் ஒரு கோட்டைக் காலியாக விட்டு என்னைப் பார்த்தாள். வரலாற்றில் விடைப் பக்கம் கிடையாது, இருக்கிற சான்றை வைத்து நாமாகத்தான் ஒரு முடிவுக்கு வரவேண்டும் என்று ஒவ்வொரு வருடமும் சொல்கிற வசனத்தைச் சொன்னேன். அவள் விடுவதாக இல்லை. அந்த வீட்டுக்காரர் உயிரோடுதானே இருக்கிறார், பால் வாங்குகிறாரே, அவரையே கேட்டால் என்ன சார் என்றாள். கேட்டுச் சொல்கிறேன் என்று பையைச் சுருட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

சாயங்காலம் வீட்டைத் திறந்து உள்ளே போக மனம் வரவில்லை. ஏரிக்கரையில் நடந்துகொண்டே புனேவுக்குப் போன் செய்தேன். பையை எடுத்துக்கொண்டு போனேன் என்றதும் அவள் பழைய குரலில், என்ன சொன்னாங்க என்று கேட்டாள். பந்துக் கதையைச் சொன்னேன், சிரித்தாள். பொட்டு ஒட்டவில்லை என்றேன். அதெல்லாம் பசை போயிருக்கும், தூக்கிப் போட்டுவிடுங்கள் என்றாள். சாவியை அவர்கள் பொருத்திப் பார்த்ததைச் சொன்னபோது அவள் சிரிக்கவில்லை. பின்னால் குழந்தை எதற்கோ அவளைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது.

"எப்ப வர?" என்று கேட்டேன். அத்தனை வருடத்தில் முதல் தடவையாக.

இரு கண்ணா, வரேன் என்று அவள் குழந்தையிடம் சொல்லிவிட்டு ஒரு கதவைச் சாத்துவது கேட்டது.

"நான் இங்கயே இருந்துடறேனே," என்றாள்.

கோபமாகச் சொல்லவில்லை. பக்கத்துக் கடைக்குப் போய் வரட்டுமா என்று கேட்பதுபோலத்தான் கேட்டாள். சரி என்றேன். வேறென்ன சொல்வது? மாத்திரையை மறக்காமல் போடச் சொன்னாள். அதற்கும் சரி என்றேன். கரையில் வாக்கிங் போகிறவர்கள் ஜோடி ஜோடியாகப் பேசிக்கொண்டு என்னைத் தாண்டிப் போனார்கள். கொஞ்ச நேரம் அங்கேயே சிமெண்ட் பெஞ்சில் உட்கார்ந்திருந்துவிட்டு வீட்டுக்குப் போய், கால் லிட்டர் பாலைக் காய்ச்சினேன்.

மறுநாள் வகுப்புக்குள் நுழைந்ததும் நேராகச் சுவரில் தொங்கிய சார்ட்டுக்குப் பக்கத்தில் போனேன். மார்க்கரை வாங்கி, காலியாக விட்டிருந்த கோட்டில், ஒருவர் என்று எழுதினேன். முன் பெஞ்சுப் பெண்ணின் குழு கை தட்டியது. குவார்ட்டர்ஸ் பையன் தட்டவில்லை, டெஸ்க்கைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அந்த வீட்டுக்காரரக் கேட்டீங்களா சார்?" என்றாள் அவள்.

கேட்டேன், அவருக்கே நேற்றுத்தான் தெரிந்ததாம் என்றேன்.

அவள் கை தட்டுவதை நிறுத்திவிட்டு என் முகத்தையே பார்த்தாள்.

"பாவம் சார் அவரு," என்றாள்.

"ஆமாம்மா, பாவம்தான்," என்று சொல்லிவிட்டு, அடுத்த பாடத்தைத் திறக்கச் சொன்னேன்.