முகம் கழுவாமல் போனவர்

அறுபதுகளில் செஞ்சிக் கோட்டையில் ஒரு சரித்திரப் படம் எடுத்தார்கள். விலைமாதர் விடுதியில் வாழும் பெண்களின் கதை. நான் ஒப்பனை உதவியாளன். கூட்டக் காட்சியில் அந்த விடுதிப் பெண்களாக நடிக்க உள்ளூர்ப் பெண்கள் சிலர் வந்திருந்தார்கள். அவர்களில் ஒருவரை என்னால் மறக்க முடியவில்லை. நெடிய உருவம், அம்மைத் தழும்பு விழுந்த முகம். எதற்குப் பதில் சொல்வதானாலும் முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டுதான் சொல்வார்.

கோட்டைக்குள் இருக்கும் கல்யாண மகாலில் படப்பிடிப்பு தொடங்கும் நேரம், கடைத்தெரு வியாபாரி ஒருவர் வந்து கத்தினார்.

"இன்னாம்மா இது? இந்த வேஷம் கட்னா ஊர் மானம் இன்னா ஆவறது? எல்லாரும் எழுந்து வாங்க!"

மற்ற பெண்கள் எழுந்துவிட்டார்கள். அந்த நெடிய பெண் மட்டும் உட்கார்ந்தபடியே முந்தானையைச் செருகினார்.

"அந்த வூட்டுக்கு வர்ற ஆம்பள வேஷத்துல உங்க தம்பி நிக்கிறாரு. மொதல்ல அவர இட்டுனு போங்க. அப்பால நாங்க வர்றோம்."

தூணருகே சரிகைத் தலைப்பாகையோடு நின்ற தம்பி தலையைக் குனிந்துகொண்டார். வியாபாரி திரும்பிப் போனார். பெண்கள் மறுபடி உட்கார்ந்தார்கள்.

மாலையில் எல்லோரும் ஒப்பனையைக் கலைத்தார்கள். அந்தப் பெண்ணிடமும் முகத்தைத் துடைக்க எண்ணெயை நீட்டினேன்.

"வேணாம். கடைத்தெரு வழியாத்தான் போவணும். நல்லா பாக்கட்டும்."

சிவந்த உதட்டோடு நிமிர்ந்து நடந்தார். அன்று அவர் வீட்டில் என்ன நடந்ததோ, எனக்குத் தெரியாது. மறுநாள் காலை முதல் ஆளாக வந்து, என் முன்னால் முகத்தைக் காட்டி உட்கார்ந்தார்.