பிற்பகல் அம்மாவின் பேனா

அந்த அலுவலகத்தில் அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் எப்போதோ வழக்கொழிந்துவிட்டது. எல்லோருக்கும் அவர் ‘பிற்பகல்’ அம்மா. எதிர் மேசைக்காரர் ‘முற்பகல்’.

இருபத்தாறு ஆண்டுகளுக்கு முன் இருவரும் ஒரே நாளில் எழுத்தர்களாகச் சேர்ந்தார்கள். காலையில் முதலில் வந்து நின்றது இந்த அம்மாதான். பின்னால் வந்த மனிதரிடம் பேனா இல்லை. அரசு வேலையில் சேர வருகிறவர் பேனா இல்லாமல் வருவாரா? இவர் வந்தார். கேட்டதும் அம்மா தன் பேனாவை நீட்டிவிட்டார். அதை வாங்கி அந்த மனிதர் முதலில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த தாளில் அதிகாரி ‘முற்பகல்’ என்று குறித்துவிட்டு, ஏதோ கூட்டம் என்று கிளம்பிப் போனார். திரும்பியபோது மணி மூன்று. அம்மாவின் தாளில் ‘பிற்பகல்’ என்று விழுந்தது.

இருபத்திரண்டு ஆண்டுகள் அது யார் கண்ணையும் உறுத்தவில்லை. ஓர் இடம் உபரி, பணிமூப்பில் கடைசியாக இருப்பவர் தொலைதூரக் கிளைக்குப் போக வேண்டும் என்று உத்தரவு வந்த அன்றுதான் அந்த அரை நாள் விஸ்வரூபம் எடுத்தது. போக வேண்டியவர் அம்மா.

“கடைய மடிச்சுப் பெட்டியில வைக்க இதென்ன சட்டையா?” என்றார் தையல்கடை வைத்திருந்த கணவர். “இந்த வயசுல உனக்கு அங்க ஒரு அடுப்பு, எனக்கு இங்க ஒரு அடுப்பா?”

அம்மா வழக்குப் போட்டார். எதிர் மனுதாரர்கள் அரசுத் துறையும் முற்பகலும். மாறுதலுக்குத் தடை கிடைத்தது. அதன்பின் நாலு வருஷம் வாய்தா மேல் வாய்தா.

வேடிக்கை என்னவென்றால், நீதிமன்றத்தில் ஆளுக்கொரு மூலையில் விறைப்பாக உட்கார்ந்திருப்பவர்கள், திரும்பும்போது ஒரே பேருந்தில்தான் வருவார்கள். மதியம் ஒரே மேசையில் சாப்பிடுவார்கள். முற்பகல் மனைவியை இழந்தவர். அவர் சமையலில் உப்பு ஒருநாள்கூடச் சரியாக அமைந்ததில்லை. அம்மாவின் டப்பாவில் பாதி அவருக்குப் போய்விடும். வழக்கு தள்ளிப்போன ஒவ்வொரு முறையும் இருவருக்கும் உள்ளூர நிம்மதிதான்.

கடைசி விசாரணையன்று நீதிபதி பொறுமை இழந்தார். “காலையில முதல்ல வந்தது யாரு? அத யாராவது சொல்லுங்க.”

முற்பகல் எழுந்தார். அவருடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தும் உட்காரவில்லை.

“அவங்கதாங்க ஐயா. என்கிட்ட பேனா இல்ல. அவங்க பேனாவ வாங்கித்தான் நான் கையெழுத்தே போட்டேன்.”

தீர்ப்புப்படி அம்மா பணிமூப்புப் பட்டியலில் மேலே ஏறினார். முற்பகல் கடைசிக்கு இறங்கினார். இனி கிளைக்குப் போக வேண்டியவர் அவர்தான். ஜெயித்த அம்மாவுக்குப் பேருந்தில் அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

“ஏன் அண்ணே, இத அன்னைக்கே சொல்லியிருக்கலாம்ல?”

“கேஸ் முடிஞ்சா ஒருத்தர் போகணுமேம்மா. மதியம் யாரோட உக்காந்து சாப்பிடுறது?” அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். “இப்ப பரவாயில்ல. மக போன மாசம் அந்த ஊருக்கே குடி போயிட்டா. பேத்தியப் பார்த்துக்கிட்டே மிச்ச சர்வீஸ ஓட்டிடுவேன். நீ கண்ணத் தொடச்சுக்க.”

அவரைப் பணியிலிருந்து விடுவிக்கும் ஆணையைத் தயாரிப்பது அம்மாவின் வேலை. வெளியூர் போகிறவர்களைக் காலையிலேயே விடுவிப்பதுதான் அங்கே வழக்கம். அம்மா ‘பிற்பகல்’ என்று எழுதினார். அதிகாரி நிமிர்ந்து பார்த்தார்.

“சாப்பிட்டுட்டுப் போகட்டும் ஐயா.”

அன்று டப்பா கொஞ்சம் பெரியது. இருவரும் வயிறாரச் சாப்பிட்டார்கள். பிறகு ஆணையைப் பெற்றுக்கொண்டு கையெழுத்துப் போட, முற்பகல் சட்டைப் பையைத் தடவினார். பையில் பேனா இல்லை. அம்மா தன் பேனாவை நீட்டினார். கையெழுத்துப் போட்டுவிட்டு அவர் திருப்பிக் கொடுத்தார்.

“நீங்களே வெச்சுக்கோங்க அண்ணே,” என்றார் அம்மா. “அங்க போய் முதல் நாளே யார்கிட்டயாவது பேனா கேட்டு, இன்னொரு கேஸ் வந்துடப் போகுது.”