நாற்பத்து மூன்று நாளும் நாற்பத்திரண்டு அதிபர்களும்

கோதண்டராமன் என் பெரியப்பாவின் இரண்டாவது மகன். 1957ஆம் ஆண்டு ஆவணி மாதம் பிறந்தவர். படப்பைக்கு மேற்கே இருந்த குடும்ப நிலம் தொழிற்சாலைகளுக்கென எடுக்கப்பட்ட மறு ஆண்டு, 1999 ஜூனில், ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கார்களுக்கு ரப்பர் குழாய் செய்யும் ஓர் ஆலையில் சேர்ந்தார். ஆலை ஓர் அமெரிக்க நிறுவனத்தின் கிளை. அஞ்சல் வழியில் வரலாற்றுப் பட்டம் இரண்டாம் ஆண்டுவரை படித்திருந்ததால் முதலில் அவருக்கு அட்டை அறையில் வேலை கிடைத்தது. குழாய்ப் பெட்டிகளில் கட்டும் அடையாள அட்டைகளைச் சரிபார்க்கும் வேலை அது. மேசையும் நாற்காலியும் உண்டு. 2001இல் உற்பத்தி கூடியபோது அவரை அச்சுப் பொறிக்கு மாற்றினார்கள். சூடான அச்சிலிருந்து குழாயை உருவி எடுக்க எட்டு மணி நேரமும் நிற்க வேண்டும்.

இரண்டு ஆண்டுகளில் இடது முழங்கால் வீங்கத் தொடங்கியது. குன்றத்தூரில் பார்த்த மருத்துவர் நின்று செய்யாத வேலையாகப் பார்த்துக்கொள்ளச் சொன்னதை அண்ணன் தேதியுடன் குறித்து வைத்திருக்கிறார். மருத்துவர் எழுதிக் கொடுத்த சீட்டை இணைத்து, அட்டை அறைக்கே திருப்பி அனுப்பும்படி மூன்று முறை விண்ணப்பித்தார். பதில் வரவில்லை.

2003 ஜூனில் பணியாளர் பிரிவு அலுவலர் ஸ்ரீதர் அவரை அழைத்தார். ஆகஸ்ட் 26ஆம் தேதி அமெரிக்காவிலிருந்து ஒரு குழு ஆலையைப் பார்வையிட வருவதாகவும், அதையொட்டி ஜூலை 7 முதல் ஒவ்வொரு வேலை நாளும் முதல் ஷிப்டின் காலைக் கூட்டத்தில் ஓர் அமெரிக்க அதிபரின் வாழ்க்கையை இரண்டு நிமிடத்தில் தமிழில் படிக்க வேண்டும் என்றும் சொன்னார். வேலை நாட்கள் நாற்பத்து மூன்று. அதிபர்களும் நாற்பத்து மூன்று. கடைசி நாள், விருந்தினர் முன்னிலையில், இப்போதைய அதிபர்.

"நீங்கதான் படிக்கிற ஆளு, கோதண்டராமன். கணக்கு எவ்ளோ கரெக்டா வருது பாருங்க."

"படிக்கிறேன் சார். அந்த அட்டை ரூம் விஷயம்..."

"இத நல்லபடியா முடிங்க. ஃபைல நானே மேல எடுத்துட்டுப் போறேன்."

அவ்வளவுதான் பேச்சு. அண்ணன் அன்று மாலையே கிளை நூலகத்தில் இரண்டு புத்தகங்கள் எடுத்தார். ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வீடு திரும்பியதும் காலைப் பலகைமேல் நீட்டிக்கொண்டு, ஓர் அதிபருக்கு ஒரு துண்டுத் தாள் என எழுதினார். அந்தத் துண்டுகள் இப்போது என்னிடம் உள்ளன. ஒவ்வொன்றிலும் பிறப்பு, பதவிக்கு முன் செய்த தொழில், பதவியில் செய்தது, இறப்பு என்ற ஒரே வரிசை இருக்கிறது. சில துண்டுகளில் எழுத்து பாதியில் சரிந்து, மறுநாள் வேறு மையில் தொடர்கிறது. எழுதிக்கொண்டே தூங்கிவிடுவார் என்று அண்ணி மரகதம் சொன்னார்.

காலைக் கூட்டத்தில் யாரும் கேட்க மாட்டார்கள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். ஆனால் அதிபராவதற்கு முன் அவர்கள் பார்த்த வேலைகளைத் தொழிலாளர்கள் கேட்டார்கள். பள்ளிக்கே போகாத ஆண்ட்ரூ ஜான்சன் தையற்காரராக இருந்ததும், கணக்கை அவருக்கு மனைவி சொல்லிக் கொடுத்ததும் இரண்டு நாள் பேச்சாயின. ஒன்பதாம் அதிபர் வில்லியம் ஹென்றி ஹாரிசன் கடுங்குளிரில் ஏறக்குறைய இரண்டு மணி நேரம் பதவியேற்பு உரையாற்றி, ஒரு மாதத்தில் இறந்தார் என்று படித்தபோது, பக்கத்து அச்சில் வேலை செய்த மாரிராஜ் குறுக்கே பேசினான். அவன் திருநெல்வேலிப் பக்கத்துப் பையன், வாடகை அறையில் ஐந்து பேருடன் தங்கியிருந்தவன்.

"ஒரு மாசத்துலயா அண்ணாச்சி? புரொபேஷனே முடியலையே."

"அதுக்குத்தான் மீட்டிங்ல சுருக்கா பேசணும்றது," என்றார் அண்ணன். சூப்பர்வைசரைத் தவிர எல்லோரும் சிரித்தார்கள்.

ஆகஸ்ட் 11ஆம் தேதி ஃபிராங்கிளின் ரூஸ்வெல்ட். முப்பத்தொன்பதாம் வயதில் கால்கள் செயலிழந்தன, சக்கர நாற்காலியில் இருந்தபடியே நான்கு தேர்தல்களில் வென்றார் என்று அண்ணன் படித்தார்.

"அவர ஒக்கார வெச்சு நாட்டையே குடுத்துருக்கானுவ," என்றான் மாரிராஜ். "ஒங்களுக்கு ஒரு ஸ்டூல் குடுக்க மாட்டேங்கானுவ."

"சும்மா இருடா. இன்னும் பன்னெண்டு நாளு கீது."

நாட்களை அவர் அப்படித்தான் எண்ணிக்கொண்டிருந்தார். வீக்கம் கூடியிருந்தும் விடுப்பு எடுக்கவில்லை. படிக்கும் வரிசை அறுந்துவிடக் கூடாது என்பது அவர் கவலை.

ஆகஸ்ட் 22, வெள்ளிக்கிழமை. நாற்பதாவது நாள் படித்துவிட்டு வீடு வந்தவர், கையில் இரண்டு துண்டுகளே மிஞ்சியிருப்பதைக் கண்டார். நாட்கள் மூன்று இருந்தன.

"இன்னாத்த தேடினுகீறீங்க?" என்று அண்ணி கேட்டார்.

"ஒரு ஆளு கொறையுறாரு."

"எந்த ஆளு?"

"அதான் தெரியல. பிரசிடென்ட்டு."

அரிசி டிரம்முக்குப் பின்னால், பாய்க்கு அடியில், குப்பைக் கூடையில் என்று இருவரும் தேடினார்கள். எழுதிய துண்டு தொலைந்திருந்தால் எண்ணில் இடைவெளி இருக்க வேண்டும். இடைவெளியே இல்லை. வெள்ளிக்கிழமை நூலகம் விடுமுறை. மறுநாள் வேலை முடிந்து போய்ப் பார்த்தபோதுதான் விளங்கியது.

ஸ்ரீதர் கொடுத்த ஆங்கிலப் பட்டியலில் குரோவர் கிளீவ்லேண்ட் என்ற பெயர் இருபத்திரண்டிலும் இருபத்து நான்கிலும் இருந்தது. அட்டை அறையில் ஒரு விதி உண்டு. ஒரே பெயரில் இரண்டு அட்டைகள் வந்தால், பின்னதைக் கிழித்துவிட்டுப் பட்டியலில் கோடிட்டுச் சுருக்கொப்பம் இட வேண்டும். இல்லையென்றால் இல்லாத பெட்டி இருப்பதாகக் கணக்கு வரும். துண்டுகள் எழுதத் தொடங்கியபோதே, அந்தப் பழக்கத்தில், அண்ணன் இருபத்து நான்கைக் கோடிட்டு, 'கோ.ரா.' என்று ஒப்பமும் இட்டு, கீழிருந்த எண்களையெல்லாம் ஒவ்வொன்று குறைத்திருந்தார். வாஷிங்டனும்தான் இரண்டு முறை பதவி வகித்தார், அவருக்கு ஒரே வரிதானே என்பது அவருடைய நியாயம். கிளீவ்லேண்ட் நடுவில் ஒரு தேர்தலில் தோற்று, நான்கு ஆண்டு வெளியே இருந்து திரும்பி வந்தவர். அதனால் இரண்டு எண்கள் பெற்றவர் என்பது அவருக்குத் தெரியவில்லை. ஆளாக எண்ணினால் நாற்பத்திரண்டு பேர்தான்.

அன்று காலை படித்ததையும் சேர்த்து, பதினெட்டு அதிபர்களைத் தவறான எண்ணுடன் படித்தாகிவிட்டது. ஆலை வாயிலில் உள்ள பலகையிலும் அந்த எண்களே எழுதப்பட்டு, வாரந்தோறும் படமெடுத்து அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்டிருந்தன. அங்கும் யாரும் கேட்கவில்லை.

திங்கட்கிழமை விடியலில், கூட்டத்துக்கு முன், ஸ்ரீதரிடம் சொன்னார்.

ஸ்ரீதர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "யாருக்குங்க தெரியும்? இன்னைக்கி அந்த கிளீவ்லேண்டையே இன்னொரு தடவ படிச்சிடுங்க. நாளைக்கு நாப்பத்தி மூணு, புஷ். கரெக்டா முடிஞ்சிடும்."

"பதினெட்டு பேரு நம்பர் தப்பு சார்."

"உங்க ஃபைல் இப்பதான் என் டேபிள்ல இருக்கு, கோதண்டராமன். நானும் உங்களுக்காகத்தான் சொல்றேன்."

அண்ணன் தலையாட்டிவிட்டுத்தான் போனார். முன்னால் போய் நின்றபோது ஆலை மேலாளரும் மறுநாள் ஏற்பாடுகளைப் பார்க்க வந்து ஓரமாக நின்றிருந்தார். அதைக் கண்டு வாயை மூடிக்கொள்ளலாம் என்று ஒரு கணம் தோன்றியதாக அண்ணனே என்னிடம் சொன்னார். ஆனால் இருநூறு பேர் நாற்பத்தொரு நாள் நின்றுகொண்டு கேட்டிருக்கிறார்கள். அவர்களில் சிலர் பிள்ளைகளின் நோட்டுக்காக எண்களைக் குறித்துக்கொண்டு போனதும் அவருக்குத் தெரியும்.

"இருபத்தி நாலுலேர்ந்து நான் சொன்ன நம்பர் எல்லாம் ஒண்ணு கம்மி. குறிச்சி வெச்சிருக்கிறவங்க திருத்திக்குங்க. டபுள் அட்டைன்னு நெனச்சி கிழிச்சது நான்தான்," என்று சொல்லிவிட்டு, கிளீவ்லேண்டை இரண்டாம் முறை படித்தார்.

மறுநாள் விருந்தினர் ஆறு பேர் வந்தார்கள். நாற்பத்து மூன்றாம் அதிபரைப் படித்தார். கைதட்டினார்கள். பிறகு காதில் அடைப்பான் வைத்துக்கொண்டு, பொறிகளுக்கிடையே நாள் முழுவதும் குறிப்பெடுத்தபடி நடந்தார்கள்.

செப்டம்பர் 18ஆம் தேதி ஸ்ரீதர் அவரை அழைத்து மாற்றல் ஆணையைக் கொடுத்தார். தன் பிழையைத் தானே சொல்லும் ஆளே அட்டை அறைக்குத் தேவை என்று மேலாளர் எழுதியிருந்தார். அண்ணன் அதை இரண்டு முறை படித்தார். முழங்காலைப் பிடித்தபடி எழுந்து நன்றி சொன்னார்.

"அங்க போறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லிடறேன்," என்றார் ஸ்ரீதர். "வந்தவங்க ரிப்போர்ட் அனுப்பிட்டாங்க. உக்காந்து வேலை பாத்தா வேகம் கொறையுதாம். ஷாப் ஃப்ளோர்ல சேர் எல்லாம் எடுத்துட்டாங்க. மேசைய உசத்திட்டாங்க. அட்டை ரூம்லயும்."

அண்ணன் ஆணையை மேசைமேல் திருப்பி வைத்தார். "நான் கேட்டது அந்த வேல இல்ல சார். அந்தச் சேரு."

"எங்க மீட்டிங் ரூம்லயே சேர் இல்லைங்க இப்ப. ஒரு மணி நேரம் நின்னுகிட்டுத்தான் பேசறோம்."

மருத்துவர் சீட்டை மீண்டும் இணைத்து ஸ்ரீதரே மேலே எழுதினார். ஒருவருக்கு விலக்களித்தால் எல்லோரும் கேட்பார்கள் என்று பதில் வந்தது. சூடான அச்சில் குழாய் உருவுவதாவது இல்லையே என்று அண்ணன் ஆணையில் கையெழுத்திட்டுக் கொடுத்தார். உயர்த்திய மேசை அவருக்கு மார்பளவு வந்தது. அதன்மேல் முழங்கையை ஊன்றி, எடையை வலது காலுக்கு மாற்றிக்கொண்டு, ஒன்றரை ஆண்டு அட்டை பார்த்தார். இடையில் மாரிராஜ், அவ்வப்போது உட்காரட்டும் என்று, வெற்றுப் பெட்டி ஒன்றைக் கவிழ்த்துப் போட்டான். மூன்றாம் நாள் சூப்பர்வைசர் வருத்தப்பட்டுக்கொண்டே அதை எடுத்துப்போனார்.

2005 மார்ச் 31ஆம் தேதி அவர் வேலையிலிருந்து விலகினார். விலகல் படிவத்தின் நகல் அண்ணியிடம் இருக்கிறது. காரணம் எழுத நான்கு வரி இடம் விட்டிருந்தார்கள். அதில் அவர் 'முழங்கால்' என்று மட்டும் எழுதியிருக்கிறார்.