இஞ்சின் நம்பர் இல்லாத வண்டி

திருப்பதியில் தெருவுக்கொரு லாட்ஜ் எழும்பிக்கொண்டிருந்த காலம். அத்தனை கட்டடத்துக்கும் மணல் எங்கிருந்து வருகிறது என்று நான் யோசித்ததே இல்லை, என் தம்பியின் மாட்டுவண்டியை அதிகாரிகள் பிடித்துக்கொண்டு போகும்வரை.

பள்ளிக்கூடத்தில் கணக்கு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்று நான் திருப்பதியில் இருந்தேன். பிள்ளைகள் இருவரும் பெங்களூரில். தம்பி நாகலாபுரத்துக்குத் தெற்கே, எங்கள் ஊரிலேயே பயிர் வைத்துக்கொண்டிருந்தான். மழை விழுந்து நிலம் நனைந்திருந்த நேரத்தில் போன் செய்தான்.

"ணா, ஆத்து மணல் கடத்துறேன்னு வண்டிய புடிச்சிக்கினு பூட்டாங்க. மாட்டையும் சேத்து. ஈரம் காயறதுக்குள்ள ஏர் ஓட்டணும். நீ வந்து மனு எழுதிக் குடு."

"மணலை எங்கேடா எடுத்தே?"

"நம்ம நெலத்துலதான். வெள்ளத்துல வந்து மூடுச்சே, அத்தத்தான் வாரிக்கினு இருந்தேன்."

நம்பினேன். ஓர் அடித்தல் இல்லாமல் தெலுங்கில் பதினாறு வரி எழுதினேன்.

மண்டல வருவாய் ஆபீஸ் வளாகத்தில் பிடிபட்ட டிராக்டர் மூன்று, லாரி ஒன்று. அவற்றுக்கு நடுவில் எங்கள் வண்டி. மற்றவை சும்மா நின்றன. எங்களுடையதற்குத் தினம் இரண்டு வேளை தீனி வேண்டும். பிடித்தவர்கள் ஒரு கட்டு வைக்கோல் போடவில்லை. தம்பிதான் சைக்கிளில் கொண்டுவந்து போட்டான். மாடுகளின் விலா எலும்பை எண்ண முடிந்தது. எண்ணினேன்.

குமாஸ்தா ஒரு படிவத்தை எடுத்தார். எந்த வண்டியை விடுவிப்பதற்கும் அது ஒன்றுதானாம்.

"ஆர்.சி.?"

"லேது சார்," இல்லை என்றேன் நான்.

"இஞ்சின் நம்பர்?"

"ரெண்டு இஞ்சின் சார்," என்றான் தம்பி. "ஒண்ணு வெள்ளை, ஒண்ணு மயிலை."

அவனை அறைய வேண்டும் போலிருந்தது. குமாஸ்தா சிரிக்கவில்லை. கட்டத்தைக் காலியாக விட்டால் ஃபைல் நகராது, சித்தூர் ஜில்லா ஆபீசில் போய்க் கேளுங்கள் என்றார். போனேன். பத்து நாற்காலி போட்ட கூடத்தில் பதினான்கு பேர். நான் நின்றவர்களில் ஒருவன். சாயங்காலம் ஒருவர் தலைநிமிர்ந்து, "மாட்டுவண்டியா? அதெல்லாம் இங்க வராது, மண்டலத்துலயே பாருங்க," என்றார். மறுநாள் குமாஸ்தாவிடம் அதைச் சொன்னேன்.

"அத்த எழுத்துல வாங்கினு வந்தீங்களா மாஸ்டாரு?"

இப்படியே நாள் போயிற்று. வெயிலும் அடிக்கத் தொடங்கிவிட்டது. கடைசியில், என் வாய்க்குப் பயந்தோ வளாகம் முழுக்கக் கிடந்த சாணிக்குப் பயந்தோ, வருவாய் ஆய்வாளர் நேரில் நிலத்தைப் பார்க்க ஒப்புக்கொண்டார். அங்கே மணல் மேடு இருந்தால் அன்றைக்கே விட்டுவிடலாம் என்றார். ஜீப் அந்தப் பாதையில் போகாது. "வண்டியிலேயே போய்விடலாமே," என்று யோசனை சொன்னவன் நான்.

"வேணாம்ணா, நடந்தே பூடலாம்," என்றான் தம்பி.

"சார் நடப்பாராடா? பூட்டு."

மூவரும் ஏறிக்கொண்டோம். ஊரைத் தாண்டினால் பாதை இரண்டாகப் பிரியும்: இடப்பக்கம் எங்கள் நிலம், வலப்பக்கம் ஆறு. தம்பி இடப்பக்கம் கயிற்றை இழுத்தான். மாடுகள் வலப்பக்கம் திரும்பின. அதட்டினான், வாலை முறுக்கினான், கெஞ்சக்கூடச் செய்தான். அவை வேகம் கூட்டிச் சரிவில் இறங்கி, ஆற்றுக்கு நடுவே ஒரு பெரிய பள்ளத்தின் ஓரத்துக்குப் போய், மணல் வாரிப்போட வசதியாக வண்டியைத் திருப்பிக்கொண்டு நின்றன.

ஆய்வாளர் பள்ளத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ஏமி மாஸ்டாரு, உங்க நெலம் ஆத்துக்குள்ளயா கீது?"

தம்பி கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தான். "ஊர்ல எல்லா வண்டியும்தான் வருது சார். ரோட்டாண்ட கொட்டினா, லாரிக்காரன் திருப்பதிக்கு ஏத்திக்கினு பூடறான்."

"இத்த மொத நாளே சொல்லி அபராதம் கட்டியிருந்தா, மறுநாளே ஓட்டிக்கினு போயிருப்பியே! பொய் மனு குடுத்தா விசாரணை. விசாரணைன்னா நான். நான் வர்றதுக்கு இத்தினி நாளு. சரி, திருப்பு வண்டிய."

வண்டி திரும்பவில்லை. சுமை ஏறாமல் அந்த இடத்தைவிட்டுக் கிளம்பி மாடுகளுக்குப் பழக்கமில்லை. தம்பி தார்க்குச்சியால் குத்தினான். தலையை ஆட்டின, காலை எடுக்கவில்லை. உச்சி வெயில். ஆய்வாளர் இரண்டு முறை கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "போடுய்யா நாலு கூடை மணலு," என்றார். ஐந்தாவது கூடைக்குத்தான் மாடுகள் நகர்ந்தன. மேட்டுக்கு வந்ததும் அவரே முன்னின்று அந்த மணலைக் கீழே தள்ளச் சொன்னார்.

அபராதம் கட்டி வண்டியை ஓட்டி வந்தபோது மேட்டு நிலம் வெடித்துக் கிடந்தது. இரண்டேகால் ஏக்கரில் பள்ளத்து முக்கால் ஏக்கரில் மட்டும் ஏர் இறங்கியது.

"அதுனா தேறிச்சேணா," என்றான் தம்பி.

நான் திருப்பதி பஸ் ஏறினேன்.